ஏன் என்று கேட்டால் மறுமொழி சொன்ன இயந்திரம்

விடையை மட்டும் எழுதி வழியை எழுதாத மாணவனுக்குப் புள்ளி வழங்குவதா, மறுப்பதா என்பது ஆசிரியர் அறைகளில் என்றும் ஓயாத வழக்கு. சென்ற தவணையில் அவ்வழக்குப் புதியதொரு கோலத்தில் எம்முன் வந்து நின்றது.

உயர்தர வகுப்பு மாணவருக்கு இரசாயனத்தில் ஒரு சிறு கணக்குக் கொடுத்திருந்தோம். ஒரு லீற்றர் கரைசலில் மூலின் பத்துக் கோடியில் ஒரு பங்கு ஐதரோகுளோரிக் அமிலம் மாத்திரமே உள்ளது. அக்கரைசலின் பீ.எச். பெறுமானம் யாது? பாடநூலிலுள்ள சூத்திரத்தை அப்படியே பிரயோகிப்பவனுக்கு 8 என்ற விடை வரும். அது பிழை. 7க்கு மேற்பட்ட பெறுமானம் காரத்துக்கு உரியது. நீரில் அமிலத்தைக் கரைத்துக் காரத்தைப் பெறுதல் எங்ஙனம் இயலும்? வகுப்பிற் பெரும்பாலார் 8 என்றே எழுதியிருந்தனர். ஒருவன் மட்டும் 6.98 என்று எழுதியிருந்தான். அதுவே சரியான விடை.

அவனை அழைத்து, "ஏன் 8 அன்று?" என வினவினோம். சற்றுத் தயங்கிய பின்னர், "கணினி அப்படித்தான் சொன்னது, சேர்" என்றான்.

அவன் பொய் கூறவில்லை. ஆதலின் நாம் சினக்கவுமில்லை. ஆயினும் அம்மறுமொழி அன்று மாலை வரை எம் நெஞ்சை உறுத்திக்கொண்டேயிருந்தது. ஏறக்குறைய ஐம்பது ஆண்டுகளுக்கு முன்னர், "ஏன்?" என்று கேட்பாருக்குக் காரணத்தை எடுத்துரைப்பதைத் தன் கடமைகளுள் ஒன்றாகக் கொண்ட ஓர் இயந்திரம் அமெரிக்காவில் உருவாயிற்று. இன்றைய மாணவருள் அதன் கதையை அறிந்தவர் மிகச் சிலரே. அதன் வெற்றி, தோல்வி ஆகிய இரண்டும் நாம் கற்றுக்கொள்வதற்கு உரியன.

மதிநுட்பம் மட்டும் போதுமா?

செயற்கை நுண்ணறிவு என்னும் பெயர் 1956ஆம் ஆண்டுக் கோடையில் அமெரிக்காவின் டாட்மவுத் கல்லூரியில் நடந்த ஆய்வுக் கூட்டத்தையொட்டி வழக்கில் வந்தது. அக்காலத்து அறிஞர் பெரும் நம்பிக்கையுடையோராயிருந்தனர். சிந்திக்கும் முறையின் பொது இலக்கணத்தை அறிந்து இயந்திரத்துக்குப் புகட்டிவிட்டால், அது எத்துறைப் பிரச்சினையையும் தீர்த்துவிடும் என எண்ணினர். அலன் நியூவெல், ஹேபேட் சைமன் முதலியோர் 1957ஆம் ஆண்டளவில் ஆக்கிய செய்நிரலுக்குப் 'பொதுப் பிரச்சினை தீர்ப்பான்' என்றே பெயரிட்டனர். அது புதிர்களையும் தருக்கக் கணக்குகளையும் தீர்த்தது. உலகியற் பிரச்சினைகளின் வாசலில் வந்தபோது திகைத்து நின்றது.

காரணம் வெளிப்படை. எத்துணை மதிநுட்பம் வாய்ந்தவனாயினும் மருத்துவம் கல்லாத ஒருவனை நோயாளியின் கட்டிலருகே நிறுத்துவதாற் பயன் யாது? அவனுக்குச் சிந்திக்கத் தெரியும். எதைக் கொண்டு சிந்திப்பது என்பது தெரியாது.

இவ்வுண்மையை உணர்ந்தோருள் முதல்வர் எட்வேட் பைகன்போம். இவர் சைமனின் மாணவர். 1965இல் ஸ்ரான்போட் பல்கலைக்கழகத்தில், 1958ஆம் ஆண்டின் மருத்துவ நோபெல் பரிசைப் பெற்றோருள் ஒருவரான ஜோசுவா லெடர்பேக்குடன் சேர்ந்து 'டென்றல்' என்னும் திட்டத்தைத் தொடங்கினார். தத்துவ சாத்திரம் பயின்ற புரூஸ் புக்கனனும், இரசாயனப் பேராசிரியர் கார்ல் ஜெராசியும் பின்னர் இணைந்தனர். ஒரு சேர்வையின் மூலக்கூறு எவ்வாறு கட்டப்பட்டுள்ளது என்பதை, திணிவு நிறமாலைமானி தரும் அளவீடுகளிலிருந்து உய்த்தறிவதே அத்திட்டத்தின் நோக்கம். அக்கருவி மூலக்கூறுகளை உடைத்து, துண்டுகளின் திணிவுகளைக் காட்டும். உடைந்த ஓடுகளைக் கண்டு முழுப்பானையின் வடிவைக் கூறுவதை ஒத்தது இவ்வேலை.

இதன் கடினத்தை மாணவர் ஓர் எண்ணால் உணரலாம். 10 காபன் அணுக்களையும் 22 ஐதரசன் அணுக்களையும் கொண்டு 75 வெவ்வேறு கட்டமைப்புகள் அமையலாம். காபனை 20 ஆகவும் ஐதரசனை 42 ஆகவும் உயர்த்தினால் அத்தொகை 3,66,319 ஆகின்றது. அத்தனையையும் ஒவ்வொன்றாகச் சோதிப்பது மதியுடையார் செயலன்று. பழகிய இரசாயனவியலாளர் அவ்வாறு செய்வதுமில்லை. 'இவ்விடத்தில் இவ்வகைப் பிணைப்பு உடையும். ஆதலின் இவ்வமைப்பு இருக்க முடியாது' எனப் பெரும்பாலானவற்றைத் தொடக்கத்திலேயே தள்ளிவிடுவர். அந்த அனுபவ அறிவை விதிகளாக எழுதிக் கணினிக்குக் கொடுத்தபோது டென்றல் வியக்கத்தக்க வகையிற் செயற்பட்டது. இயந்திரத்தின் ஆற்றல் அதன் தருக்கத்தில் உள்ளதைவிட, அது பெற்ற அறிவிலேயே மிகுதியும் உள்ளது என்ற பாடம் இங்ஙனம் பிறந்தது. அதிலிருந்து வளர்ந்த துறையையே நிபுணத்துவ முறைமை என்கிறோம்.

மைசின் பிறந்த கதை

அப்பாடத்தை மருத்துவத்துக்குக் கொண்டு சென்றது மைசின் என்னும் முறைமை. ஸ்ரெப்ரோமைசின் முதலிய மருந்துப் பெயர்களின் ஈற்றிலிருந்து எடுத்த பெயர் அது. ஸ்ரான்போட்டில் மருத்துவ மாணவராயிருந்த எட்வேட் ஷோட்லிவ் என்னும் இளைஞர், புக்கனன், மருத்துவ ஆய்வாளர் ஸ்ரான்லி கோகன் ஆகியோரின் துணையுடன் 1972ஆம் ஆண்டளவில் அதனைத் தொடங்கினார்.

அவர் எடுத்துக்கொண்ட பிரச்சினை உயிரோடு தொடர்புடையது. ஒருவரின் குருதியிற் பற்றீரியா புகுந்துவிட்டது எனக் கொள்வோம். அது எவ்வினம் என அறிய ஆய்வுகூடத்தில் அதனை வளர்த்துப் பார்த்தல் வேண்டும். அதற்கு ஒன்றிரண்டு நாள்கள் கழியும். நோயோ அதுவரை காத்திராது. இன்னும் பெயர் தெரியாத பகைவனுக்கு எதிராக இன்றே ஆயுதத்தைத் தெரிவு செய்தாக வேண்டிய நிலை வைத்தியருடையது. பிழையான மருந்து உயிரைக் காக்காது. தேவையற்ற மருந்தோ நோயாளிக்குத் தீங்காவதுடன், மருந்தை எதிர்க்கும் பற்றீரியாக்கள் பெருகுவதற்கும் வழி செய்யும்.

அனுபவமுள்ள நிபுணர் இந்நிலையில் யாது செய்வார்? கிடைத்த சிறு தடயங்களை ஒன்றோடொன்று பொருத்துவார். டென்மார்க் நாட்டவரான ஹான்ஸ் கிறிஸ்ரியன் கிராம் 1884இல் வெளியிட்ட சாயமூட்டும் முறையாற் பற்றீரியா ஊதா நிறம் பெற்றதா, இளஞ்சிவப்பாயிற்றா என்பது ஒரு தடயம். அதன் வடிவம் கோலா, கோளமா என்பது மற்றொன்று. ஒட்சிசனின்றி வாழுமா என்பது வேறொன்று. இவற்றை நிபுணர் எங்ஙனம் பொருத்துகின்றாரோ, அங்ஙனமே சில நூறு விதிகளாக மைசினில் எழுதி வைத்தனர். வளர்ச்சி பெற்ற நிலையில் அவ்விதிகள் ஏறக்குறைய 500 ஆயின.

அவற்றுள் ஒரு விதியின் கருத்து இது: பற்றீரியா கிராம் சாயத்தை ஏற்காததாயும், கோல் வடிவினதாயும், ஒட்சிசனின்றி வாழ்வதாயும் இருப்பின், அது பற்றறொயிட்டீஸ் இனமாகலாம், அதன் உறுதி 0.6.

இவ்வுறுதி எண்ணே மைசினின் தனிச் சிறப்புகளுள் ஒன்று. மருத்துவத்தில் 'ஆம்', 'இல்லை' என்ற இரண்டு மட்டும் போதா. 'பெரும்பாலும்', 'ஓரளவு' என்பனவும் வேண்டும். முற்றும் உறுதியெனின் 1. முற்றும் அன்றெனின் –1. இரு விதிகள் ஒரே முடிவைச் சுட்டுமாயின் அவற்றைச் சேர்க்கும் முறையும் எளியது. முதல் விதி 0.6 உறுதி தந்தால் எஞ்சிய ஐயம் 0.4. இரண்டாம் விதியின் உறுதி 0.5 ஆயின், அது எஞ்சிய ஐயத்தின் பாதியைப் போக்கும். ஆகவே மொத்த உறுதி 0.8. சான்றுகள் எத்தனை சேரினும் தொகை 1ஐத் தாண்டாது. நம் வீடுகளிற் பெரியோர் வதந்தியை மதிப்பிடும் முறையும் ஏறக்குறைய இதுவேயன்றோ?

ஏதுவைக் கூறும் இயந்திரம்

மைசின் சிந்தித்தது முடிவிலிருந்து பின்னோக்கி. 'இந்நோயாளிக்கு மருந்து வேண்டுமா?' என்பது தலைவினா. அதற்கு விடை காண, 'நோய்க்கிருமி எது?' என அறிய வேண்டும். அதை அறிய, எந்தெந்த விதிகள் உதவும் எனத் தேடும். அவ்விதிகளின் நிபந்தனைகள் பொருந்துகின்றனவா என அறியச் சிறிய வினாக்கள் பிறக்கும். ஈற்றில் தானாக அறிய இயலாதவற்றை மட்டும் வைத்தியரிடம் தட்டச்சு மூலம் கேட்கும்.

ஓர் எடுத்துக்காட்டுக் கூறுவோம். "நோயாளிக்குக் கடுந் தீக்காயம் உண்டா?" என இயந்திரம் கேட்கின்றது. வைத்தியருக்கு வியப்பு. குருதியைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கையில் தீக்காயம் ஏன்? அவர் 'ஏன்' என்ற ஒரே சொல்லைத் தட்டுகின்றார். இயந்திரம் விளக்குகின்றது: 'பற்றீரியா குருதியிலிருந்து பெறப்பட்டது, கிராம் சாயத்தை ஏற்காதது, கோல் வடிவினது என முன்னரே அறிந்தோம். தீக்காயமும் உண்டெனின், அது சூடோமோனாஸ் என்பதற்கு ஓரளவு சான்று உண்டு. அதனாற் கேட்டோம்.' முடிவு கூறிய பின்னர், 'எப்படி' என்று கேட்டால், எந்த விதிகளின் வழியே அம்முடிவை அடைந்தது என்பதையும் ஒழுங்காக எடுத்துக்காட்டும்.

நம் முன்னோரின் அளவை நூல்கள் அனுமானத்துக்கு ஏதுவை இன்றியமையாததாகக் கொண்டன. மலையில் நெருப்பு உண்டு என்பான், புகை உடைமையால் என்னும் ஏதுவையும் கூறுதல் வேண்டும்; கூறானாயின் அவன் சொல் அவையில் ஏறாது. மைசினை ஆக்கியோர் நம் அளவை நூல்களைக் கற்றனரோ இல்லையோ, அவர்கள் மதித்த ஒழுக்கம் அதுவே. உயிருக்குப் பொறுப்பான வைத்தியர், காரணம் தெரியாத ஆலோசனையை ஏற்கலாகாது என அவர்கள் தொடக்கத்திலேயே முடிவு செய்திருந்தனர்.

பரீட்சையும் பெறுபேறும்

இயந்திரத்துக்கும் ஒரு பரீட்சை வைத்தனர். அதன் பெறுபேறுகள் 1979இல் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் சஞ்சிகையில் வெளியாயின. மூளையின் உறைகளைப் பற்றும் மெனிஞ்சைற்றிஸ் நோயாளர் பத்துப் பேரின் விபரங்கள் மைசினுக்கும், ஸ்ரான்போட்டின் தொற்றுநோய்ப் பேராசிரியர் ஐவருக்கும், அநுபவத்தில் அவர்களுக்குக் கீழ்ப்பட்ட சிலருக்கும் கொடுக்கப்பட்டன. அவர்கள் பரிந்துரைத்த சிகிச்சைகளை, வெளியிடங்களைச் சேர்ந்த எட்டு நிபுணர் மதிப்பிட்டனர். எது மனிதனுடையது, எது இயந்திரத்தினுடையது என மதிப்பிட்டோருக்குத் தெரியாது.

பத்து நோயாளர், எட்டு நடுவர். ஆக ஒவ்வொருவருக்கும் 80 தீர்ப்புகள். மைசினின் பரிந்துரைகளில் 65 சதவீதம் ஏற்கத்தக்கவை எனத் தீர்ப்பாயின. பேராசிரியர்கள் பெற்றவை 42.5 முதல் 62.5 சதவீதம் வரை. பத்தே நோயாளரைக் கொண்டு இயந்திரம் மனிதனை வென்றது என முரசறைதல் விஞ்ஞானமாகாது. நிபுணர்களே தமக்குள் எத்துணை மாறுபடுகின்றனர் என்பதையும் அவ்வெண்கள் காட்டின. ஆயினும், துறை தெரிந்தோர் வரிசையிற் கூச்சமின்றி நிற்கும் தகுதி மைசினுக்கு உண்டு என்பது ஐயத்துக்கிடமின்றி நிறுவப்பட்டது.

அவ்வாறாயின் அது எத்தனை வைத்தியசாலைகளிற் பணியாற்றியது? ஒன்றிலேனும் அது நாளாந்தச் சிகிச்சைக்குப் பயன்படவில்லை. அது குடியிருந்த கணினி பெரியது, விலை மிக்கது. ஒரு நோயாளியைப் பற்றிக் கலந்தாலோசிக்க வைத்தியர் அரைமணி அளவில் அமர்ந்து தட்டச்சுச் செய்ய வேண்டியிருந்தது. தவறு நேரின் பொறுப்பாளி யார் என்ற வினாவும் இருந்தது. பரீட்சையில் தேறுவது ஒன்று; வாழ்க்கையில் இடம்பெறுவது வேறொன்று என்பதை எம் மாணவர் மைசினிடமிருந்தும் கற்கலாம்.

ஆசிரியனாக முடியாத நிபுணன்

இக்கதையில் எம்மை மிகவும் கவர்ந்த பகுதி இனித்தான் வருகின்றது. ஸ்ரான்போட்டில் ஆய்வு செய்த வில்லியம் கிளான்சி என்பவர், 'இத்துணை அறிவுள்ள மைசினைக் கொண்டு மருத்துவ மாணவருக்குப் பாடஞ் சொல்லிக் கொடுத்தால் என்ன?' என எண்ணினார். அதற்கெனக் 'கைடன்' என்னும் முறைமையை ஆக்கினார். விதிகள் தயாராயிருந்தன, அவற்றை மாணவருக்கு எடுத்துரைப்பதே எஞ்சிய வேலை என்றுதான் யாரும் நினைப்பர்.

ஆனால் ஒரு தடை எழுந்தது. மைசினின் விதிகளுள் ஒன்று: நோயாளி 8 வயதுக்குக் குறைந்தவராயின் ரெற்றாசைக்கிளின் கொடுத்தலாகாது. நல்ல விதி. 'ஏன் கொடுத்தலாகாது?' என்று மாணவன் கேட்டால் மைசின் என்ன கூறும்? 'நோயாளி 8 வயதுக்குக் குறைந்தவர். ஆதலின்' என்று அவ்விதியையே திருப்பிக் கூறும். அதற்கு அப்பால் அதனிடம் ஒன்றுமில்லை.

உண்மைக் காரணம் வேறோரிடத்தில் உள்ளது. ரெற்றாசைக்கிளின் கல்சியத்தோடு பிணையும் இயல்புடையது. வளரும் பற்களிற் கல்சியம் படியும் பருவத்தில் அம்மருந்தும் உடன் படிந்து, அவற்றை நிரந்தரமாக நிறம் மாறச் செய்யும். குழந்தையின் பற்கள் கறைபடுதல் விரும்பத்தகாதது. ஆதலின் அம்மருந்தைத் தவிர்க்கின்றோம். இத்தொடரில் ஒவ்வொரு கண்ணியும் நிபுணரின் உள்ளத்தில் இருந்தது. விதியை எழுதியபோது முதலும் முடிவும் ஏறின, இடைப்பட்டன விடுபட்டன.

விடுபட்டதால் வந்த குறை யாது? வேறெந்த மருந்தாலும் காக்க முடியாத நிலையில் ஒரு குழந்தை உயிருக்குப் போராடுகின்றது எனக் கொள்வோம். காரணத்தை அறிந்த வைத்தியர், 'பல் கறைபட்டாலும் பாதகமில்லை. பிள்ளை பிழைக்கட்டும்' என விதியை மீறுவார். விதியை மட்டும் அறிந்தவர் விதியைக் காத்துப் பிள்ளையை இழப்பார். ஒரு விதி எவ்விடத்தில் ஓய்வு பெற வேண்டும் என்பது, அவ்விதி எதற்காகப் பிறந்தது என அறிந்தவருக்கே புலனாகும்.

இதை எழுதும்போது எம் பேனை சற்றே நாணுகின்றது. பரீட்சை நெருங்குகையில், 'இதை இப்படியே பாடமாக்கு. காரணம் பிறகு பார்க்கலாம்' என்று நாமும் எத்தனையோ முறை கூறியிருக்கின்றோம். அந்தப் 'பிறகு' பெரும்பாலும் வருவதில்லை. பீ.எச். கணக்கில் 8 என்று எழுதிய மாணவர் விதியை அறியாதவர் அல்லர். விதியை மட்டும் அறிந்தவர்.

நிபுணரிடமிருந்து அறிவைக் கறத்தல்

1980களில் நிபுணத்துவ முறைமைகளுக்குப் பெரும் மவுசு ஏற்பட்டது. கானகி மெலன் பல்கலைக்கழகத்து ஜோன் மக்டெமட் 1978இல் தொடங்கிய எக்ஸ்கொன் என்னும் முறைமையை, டிஜிற்றல் எக்குவிப்மன்ற் என்னும் கணினிக் கம்பனி 1980 முதல் பயன்படுத்தியது. வாடிக்கையாளர் கேட்கும் கணினிக்கு எந்தெந்த உறுப்புகள், எந்தெந்தக் கம்பிகள் வேண்டும் எனத் தீர்மானிப்பதே அதன் வேலை. அதனால் அக்கம்பனி பெருந்தொகையை மீதப்படுத்தியது. யப்பான் அரசு 1982இல் 'ஐந்தாம் தலைமுறைக் கணினி' எனப் பத்தாண்டுத் திட்டமொன்றைத் தொடங்கியது. ஏனைய நாடுகளும் அஞ்சிப் பணத்தை வாரி இறைத்தன.

ஆனால் மூன்று இடர்கள் நாளடைவில் வெளிப்பட்டன.

முதலாவது, அறிவைப் பெறுவதில் உள்ள இடர். நிபுணரின் அருகே அமர்ந்து கேட்டெழுதும் 'அறிவுப் பொறியியலாளர்' எனப்பட்டோர் ஒன்றைக் கண்டனர். நிபுணர் தாம் செய்வதாகக் கூறுவது ஒன்று. உண்மையிற் செய்வது மற்றொன்று. இதில் வஞ்சனை ஏதுமில்லை. நெடுநாட் பழக்கத்தால் அறிவு கையிலும் கண்ணிலும் ஊறிவிடுகின்றது. வாய்க்கு வர மறுக்கின்றது. 'பருப்புக்கு உப்பு எவ்வளவு?' என்று எம் அன்னையாரைக் கேட்டால், 'அளவாய்ப் போடு' என்பார். அந்த 'அளவாய்' என்ற சொல்லுக்கு விதி எழுத முயன்றவருக்கே இவ்விடரின் ஆழம் விளங்கும்.

இரண்டாவது, விதிகளைப் பேணுவதில் உள்ள இடர். எக்ஸ்கொன் சில நூறு விதிகளுடன் தொடங்கிப் பல ஆயிரமாக வளர்ந்தது. புதிய உறுப்புகள் சந்தைக்கு வருந்தோறும் பழைய விதிகளைத் திருத்த வேண்டியிருந்தது. ஒன்றைத் திருத்தினால் மற்றொன்று முரண்பட்டது.

மூன்றாவது, தன் எல்லையைத் தான் அறியாமை. டக்ளஸ் லெனற் என்னும் அறிஞர் இதற்கு ஒரு வேடிக்கையான எடுத்துக்காட்டுக் கூறுவதுண்டு. தோல் நோய்களைக் கண்டறியும் ஒரு முறைமையிடம், கறள் பிடித்த மோட்டார் வண்டியொன்றின் விபரங்களைக் கொடுத்தால், அது சற்றும் தயங்காது 'சின்னமுத்து' என முடிவு கூறும். உடலெங்கும் செம்புள்ளிகள் உண்டல்லவா? வண்டிக்கு நோய் வராது என்பதைச் சிறு குழந்தையும் அறியும். அதனை எவரும் விதியாக எழுதிவைக்க நினைக்கவில்லை. இக்குறையைப் போக்க லெனற் 1984இல் 'சைக்' என்னும் திட்டத்தைத் தொடங்கி, உலகியற் பொது அறிவையெல்லாம் ஒவ்வொரு கூற்றாக எழுதத் துணிந்தார். 2023இல் அவர் மறையும் வரை அவ்வேலை முடிவடையவில்லை.

1980களின் இறுதியில் மவுசு தணிந்தது. முதலீடுகள் வற்றின. யப்பானியத் திட்டமும் எதிர்பார்த்த பலனைத் தராமலே முடிந்தது. எனினும் அத்துறையை ஆக்கியோரின் பெருமை குன்றவில்லை. கணினியியலின் அதியுயர் விருதாகிய தூரிங் விருது 1994இல் பைகன்போமுக்கும் ராஜ் ரெட்டிக்கும் வழங்கப்பட்டது. ராஜ் ரெட்டி சென்னைக் கிண்டிப் பொறியியற் கல்லூரியில் 1958இல் பட்டம் பெற்றவர் என்பது எம் மாணவருக்கு ஊக்கமளிக்கும் செய்தி. விதிவழி முறைமைகளும் மறைந்துவிடவில்லை. ஒன்றுக்கொன்று ஒவ்வாத மருந்துகளை வைத்தியர் ஒருங்கே எழுதும்போது எச்சரிக்கும் வைத்தியசாலைக் கணினிகளில் அவற்றின் வழித்தோன்றல்கள் இன்றும் அமைதியாகப் பணியாற்றுகின்றன.

இன்றைய இயந்திரமும் எம் மாணவனும்

இன்று எம் மாணவன் வினவும் இயந்திரம் வேறு குலத்தைச் சேர்ந்தது. எவரும் அதற்கு விதிகளை எழுதிக் கொடுக்கவில்லை. எண்ணிலடங்கா நூல்களையும் எழுத்துகளையும் கண்டு, தன்னுள் இருக்கும் கோடிக்கணக்கான எண்களைத் தானே திருத்தித் திருத்திப் பழகியது அது. அதனாலேயே அதன் ஆற்றல் பரந்தது. மைசின் கனவிலும் காணாத வினாக்களுக்கு அது விடை தருகின்றது. கறள் பிடித்த வண்டியைக் கண்டு சின்னமுத்து என்று கூறும் பேதைமையும் அதனிடம் அரிது.

ஆனால் 'ஏன்?' என்று கேட்டால்? அழகிய வாக்கியங்களிற் காரணமும் கூறும். அக்காரணமே அதனை அவ்விடைக்கு இட்டுச் சென்ற வழி என்பதற்கு உறுதியில்லை. மைசினின் காரணம் குறுகியது. ஆயினும் அது நடந்து வந்த பாதையின் உண்மையான சுவடு. இன்றைய இயந்திரத்தின் காரணம் விரிந்தது. அது சுவடா, பின்னர் வரைந்த சித்திரமா என்பதை நாமே தேர்ந்தறிய வேண்டியுள்ளது. தேர்ந்தறிவதற்கு நமக்குப் பொருள் தெரிந்திருத்தல் வேண்டும். ஆகவே இயந்திரம் வளர வளரக் கற்கவேண்டிய தேவை குறையும் என்பார் கூற்றை நாம் ஏற்பதற்கில்லை. விடையைத் தேடும் உழைப்புக் குறையலாம். விடையை நம்புவதற்கு வேண்டிய அறிவு குறைய முடியாது.

அம்மாணவனுக்கு நாம் புள்ளி வழங்கவில்லை, மறுக்கவுமில்லை. ஒரு கிழமை தவணை கொடுத்தோம். "கணினியிடமே காரணத்தைக் கேள்; பின்னர் அதனைப் பாடநூலோடு ஒப்பிட்டுப் பார்; அடுத்த வாரம் கரும்பலகையில் நின்று வகுப்புக்கு விளக்கு" என்றோம்.

அடுத்த வாரம் அவன் வெண்கட்டியும் கையுமாக நின்றான். முதலிற் குரல் தளதளத்தது. பின்னர், தூய நீரே சிறிதளவு ஐதரசன் அயன்களைத் தருகின்றது என்றும், ஒரு லீற்றரில் அவை மூலின் ஒரு கோடியில் ஒரு பங்கு என்றும், நாம் சேர்த்த அமிலம் தருவது அதிற் பத்தில் ஒரு பங்கே என்றும், இத்துணைச் சிறிய அமிலத்தைக் கணக்கிடும்போது நீர் தருவதை விட்டுவிட இயலாது என்றும் படிப்படியாக எழுதிக் காட்டினான். பின்வரிசையிலிருந்து ஒருவன் எழுந்து, "அப்படியென்றால் புத்தகத்திலுள்ள சூத்திரம் பிழையா?" என்று கேட்டான்.

அவன் சற்றே சிந்தித்தான். இம்முறை கணினியை நினைக்கவில்லை என்பது முகத்திற் தெரிந்தது.

"சூத்திரம் பிழையில்லை. நாங்கள் தண்ணீரை மறந்ததுதான் பிழை" என்றான்.

முழுப் புள்ளியையும் அன்றே வழங்கினோம்.